பதினேழாவது மூடி

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். இந்தக் கதை என் மூளையில் உதித்ததல்ல. என் மூளையில் கடைசியாக உதித்தது, மழைக்காலத்துக்கு அலுவலகத்தில் ஒரு குடை, வீட்டில் ஒரு குடை வைத்துக்கொள்ளலாம் என்பது. இப்போது இரண்டும் அலுவலகத்தில் இருக்கின்றன.

நான் ஓர் அச்சகத்தில் பிழை திருத்துகிறவன். பழைய கப்பல் விபத்துகளின் விசாரணை அறிக்கைகளை யாரோ தொகுத்து மறுபதிப்புக்குக் கொடுத்திருந்தார்கள். எத்தனை பேர் ஏறினார்கள், எத்தனை பேர் கரை இறங்கினார்கள். (இந்த இரண்டு எண்களுக்கும் நடுவில் இருக்கும் வித்தியாசம்தான் மொத்தப் புத்தகமும்.) நானூறு பக்கம். கப்பல்கள் வரிசையாக மூழ்க, நான் வரிசையாக ஒற்றுப்பிழை பார்த்துக்கொண்டிருந்தேன். விட்டுப்போன எழுத்துகளைச் சேர்க்கலாம். விட்டுப்போன ஆட்களைச் சேர்க்க எனக்கு அதிகாரம் இல்லை.

ஒரு பக்கத்தில் ஒரு ஸ்டோர்கீப்பரை விசாரிக்கிறார்கள். கப்பலில் மாவு, சர்க்கரை, சோப்பு, கயிறு என்று எல்லாச் சாமானுக்கும் பொறுப்பாளர். கப்பல் மூழ்கியபின் ஒரு படகை ஐந்து நாள் பனிமூட்டத்தில் நடத்தி வந்தவர்.

கேள்வி: படகில் மொத்தம் எத்தனை பேர் இருந்தீர்கள்?

பதில்: எந்த நாளில், ஐயா?

அடுத்த கேள்வி துடுப்புகளைப் பற்றியது. விசாரித்தவர் நிம்மதியாகத் துடுப்புக்குப் போய்விட்டார். என்னால் போக முடியவில்லை.

2

தொடக்கம் ஒன்று: அன்று கடல் ஒரு

(ஒரு என்ன? எதைப் போட்டாலும் யாராவது ஏற்கெனவே போட்டிருப்பார்கள். விட்டுவிட்டேன்.)

தொடக்கம் இரண்டு: கப்பலின் அடிவயிற்றைப் பாறை கிழித்தபோது

(கப்பலுக்கு வயிறு வைத்தால் அடுத்த பக்கத்தில் பசியும் வைக்க வேண்டிவரும். இதையும் விட்டேன்.)

தொடக்கம் மூன்று: ஸ்டோர்கீப்பர் எதையும் இரண்டு முறை எண்ணுவார்.

“இது பரவால்ல,” என்றாள் என் மனைவி. என் கையெழுத்தைப் படிக்கத் தெரிந்த ஒரே உயிர் அவள்தான். அதனால் நான் எழுதுவதை அவள்தான் தட்டச்சு செய்கிறாள். அந்த உரிமையில் விமர்சனமும் செய்கிறாள். “முதல் ரெண்டையும் படிக்கும்போது, நீங்க என்னமோ கப்பல்லயே பொறந்து வளர்ந்தவர் மாதிரி இருக்கு. படகுல ஏறினா உங்களுக்குத் தல சுத்தும்.”

“அது எதுக்கு இப்போ?”

“வாசகருக்குத் தெரியணும்ல.”

தெரிந்துகொள்ளுங்கள்.

3

ஸ்டோர்கீப்பர் எதையும் இரண்டு முறை எண்ணுவார். முன்னிருந்து பின்னாக ஒரு தடவை, பின்னிருந்து முன்னாக ஒரு தடவை. இரண்டும் ஒத்துவந்தால்தான் கையெழுத்து. இருபத்திரண்டு வருடத்தில் ஒரு சோப்புக்கட்டி குறைந்ததில்லை.

ஆனால் அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது. துறைமுகத்தில் சரக்கு ஏறும்போது, கீழே இருந்து மூட்டைக்காரர் “இன்னும் ஒண்ணு, வந்துக்கிட்டே இருக்கு!” என்று குரல் கொடுத்தால் போதும், மூட்டை வந்ததாகவே குறித்துவிடுவார். வேலை மிச்சம். அந்த மூட்டையும் இருபத்திரண்டு வருடமாக ஒரு தடவைகூட வராமல் இருந்ததில்லை.

அதே கப்பலில் சமையல் உதவியாளாக அவருடைய மச்சினன் இருந்தான். மனைவியின் தம்பி. முப்பது வயது, ஓயாத வாய், சட்டைக் கையில் எப்போதும் மாவு. வேலை வாங்கிக் கொடுத்தவர் இவர்தான். கிளம்பும்போது வாசலில் நின்று மனைவி சொன்னாள்:

“ரெண்டு பேரும் சேந்துதான் வரணும். ஒருத்தர் மட்டும் வந்தா கதவத் திறக்க மாட்டேன், பாத்துக்கங்க.”

“அக்கா, அத்தான் மட்டும் வந்தா தொறந்துடு. பாவம், வயசானவரு,” என்றான் மச்சினன்.

மூவரும் சிரித்தார்கள். (இந்தச் சிரிப்பை எடுத்துவிடலாமா என்று நான்கு நாள் யோசித்தேன். பின்னால் என்ன வரப்போகிறது என்று எனக்குத் தெரியும், அவர்களுக்குத் தெரியாது. தெரியாதவர்கள் சிரிப்பதைத் தடுக்க நான் யார்?)

ஒரு பிற்பகல், பனிமூட்டத்தில், கப்பல் பாறையில் ஏறியது. சாய்ந்தது. மூழ்கியது.

“என்ன இது, ஒரு கப்பல மூணு வாக்கியத்துல முடிச்சிட்டீங்க?” என்றாள் என் மனைவி.

“கப்பல் சீக்கிரம் மூழ்கிடும். ஆளுங்களுக்குத்தான் நேரம் ஆகும்.”

அந்த மூன்று வாக்கியங்களுக்கு நடுவில் நடந்தது இது. கடைசிப் படகு ஸ்டோர்கீப்பரின் பொறுப்பு. அவர் பின்பக்கம் தண்ணீர்ப் பீப்பாய்க்குப் பக்கத்தில் நின்று ஆட்களை எண்ணுகிறார். பதினாறு வரை தலைகள் தெரிகின்றன, தன்னையும் சேர்த்து. மேல்தளத்துப் படிக்கட்டிலிருந்து குரல் வருகிறது: “இதோ வந்துட்டேன், அத்தான்!” அவர் கை தானாகப் பதினேழு என்று குறிக்கிறது. வாய் தானாகச் சொல்கிறது: “எண்ணிக்கை சரி. இறக்கு.”

படகு தண்ணீரைத் தொட்டதும் திரும்பிப் பார்த்தார். பதினேழாவது இடத்தில் ஒரு சுருள் கயிறு இருந்தது.

4

படகு இறங்கியபின் பனிமூட்டம் இன்னும் அடர்ந்தது. எப்படி என்று சொல்லிவிட வேண்டும். பட்டப்பகல்தான், வெளிச்சத்துக்குக் குறைவில்லை. ஆனால் துடுப்பை நீட்டினால் அதன் நுனி தெரியாது. பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் தெரிவார், அவருக்கு அடுத்தவர் நிழல்போலத் தெரிவார், மூன்றாவது ஆள் வெறும் இருமல். வெளுத்த துணியைத் தலையில் போட்டுக்கொண்டு ஐந்து நாள் உட்கார்ந்திருப்பதுபோல.

முதல் மாலை எல்லாரும் கேட்டார்கள், எத்தனை பேர் இருக்கிறோம் என்று. ஸ்டோர்கீப்பர் பதினாறு என்று சொல்லியிருக்கலாம். சொன்னால், பதினேழாவதாகக் குறித்த ஆள் யார் என்று சொல்ல வேண்டும். யார் என்று சொன்னால், அவனை விட்டுவிட்டுப் படகை இறக்கச் சொன்னது யார் என்று சொல்ல வேண்டும்.

“பதினேழு பேர்,” என்றார்.

தண்ணீருக்கு அளவு, நர்ஸம்மாவின் ஃபிளாஸ்க் மூடி. காலையில் ஒரு மூடி, பிற்பகலில் ஒரு மூடி. நர்ஸம்மா கப்பலில் வந்த பயணி. காய்ச்சலில் கிடந்த ஒரு பெண்மணியின் தலையை மடியில் வைத்துக்கொண்டு ஸ்டோர்கீப்பருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். மூடி கைமாறிக் கைமாறி படகின் முன்முனைவரை போகும், காலியாகத் திரும்பும், மறுபடி நிரம்பும். கண்ணுக்குத் தெரியாதவர்களுக்குத் தண்ணீர் கொடுப்பதால், ஒவ்வொரு முறையும் முதலில் குரல் எண்ணிக்கை. பின்பக்கத்திலிருந்து ஸ்டோர்கீப்பர் தொடங்குவார்.

“ஒண்ணு.”

“ரெண்டு,” என்பார் நர்ஸம்மா. “மூணும் இருக்காங்க, மூச்சு இருக்கு.”

நாலு, அஞ்சு, ஆறு என்று குரல்கள் வெள்ளைக்குள் நடந்து போகும். முனையில் உட்கார்ந்திருந்த ஜவுளி வியாபாரி, ஊருக்கே கேட்கும் குரலில், “பதினாறு!” என்பார்.

ஸ்டோர்கீப்பர் தண்ணீர் ஊற்றத் தயாரானார்.

அப்போது ஜவுளிக்காரருக்கும் அப்பாலிருந்து, யாரோ போர்வைக்குள்ளிருந்து பேசுவதுபோல, மெதுவாக ஒரு குரல் வந்தது.

“பதினேழு.”

அவருடைய வழக்கப்படி திருப்பி எண்ணச் சொன்னார். முனையிலிருந்து பின்னாக. ஒத்துவந்தது.

5

இப்போது நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று தெரியும். நானும் அதைத்தான் நினைத்தேன். இரண்டாவது வரைவில் ஜவுளி வியாபாரியைத் திருடனாக்கினேன். கடைசி ஆள், பனிமூட்டம், யார் பார்க்கப்போகிறார்கள்; குரலை மாற்றி இரண்டாவது எண்ணையும் சொல்லி இரண்டு மூடி குடிக்கிறார். சுத்தமான கதை. துணியை அளக்கும்போது கொஞ்சம் இழுத்துப் பிடித்து அளக்கிற கை என்று ஒரு வரிகூடப் போட்டேன். பிறகு வெட்கமாக இருந்தது.

ஸ்டோர்கீப்பருக்கும் சந்தேகம் வந்தது. இரண்டாம் நாள் ஆட்களின் முழங்கால்களைத் தாண்டித் தாண்டி முனைவரை ஊர்ந்து போனார்.

“ஏங்க, உண்மையச் சொல்லுங்க. ரெண்டாவது மூடி யார் குடிக்கிறது?”

எப்போதும் சத்தமாகப் பேசுகிற ஆள் காதோரம் கிசுகிசுத்தார். “அண்ணே, ஒங்க மேல சத்தியமா நானில்ல. எம் பின்னாடி இருந்து வருது.”

“ஒங்க பின்னாடி என்ன இருக்கு?”

“கயித்துச் சுருள்தான் இருந்துச்சு. நான் திரும்பிப் பாக்கறதில்லண்ணே. மூடியப் பின்பக்கமா நீட்டறேன். வாங்கிக்குது. கொஞ்ச நேரம் கழிச்சுக் கையில வைக்குது. முதுகு மட்டும் சில்லுனு இருக்கு.”

“பயமா இல்லையா?”

“மொத நாள் இருந்துச்சு. இப்போ…” ஜவுளிக்காரர் தயங்கினார். “மாவு வாசம் அடிக்குதுண்ணே. பயப்படற மாதிரி வாசமா அது?”

ஸ்டோர்கீப்பர் அவர் தோளுக்குப் பின்னால் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும், ஏதோ ஒரு பக்கமாக. கண்ணை மூடிக்கொண்டு, முழங்கால்களைத் தடவித் தடவி, வந்த வழியே திரும்பினார்.

(திருடன் வரைவைக் கிழித்துப் போட்டேன். என் மனைவி குப்பைக்கூடையிலிருந்து எடுத்துப் படித்துவிட்டு, “இதுல அந்த ஆளு நிம்மதியா இருந்திருப்பார்,” என்றாள். உண்மைதான். திருடன் இருந்தால் ஸ்டோர்கீப்பருக்குக் கோபம் வரும். கோபம் எவ்வளவு பெரிய நிம்மதி.)

6

மூன்றாம் நாள் மழை பெய்தது.

(பெய்யவில்லை. நான் பெய்ய வைத்தேன். எல்லாரும் அண்ணாந்து வாயைத் திறந்துகொண்டு குடிக்கிற மாதிரி ஒரு பக்கம். ஒரு கப்பலை மூன்று வாக்கியத்தில் மூழ்கடித்த நான், அதிலிருந்தவர்களுக்கு ஒரு வாய் தண்ணீர் இல்லை என்றதும் பென்சிலை வைத்துவிட்டு மூன்று தடவை எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன். “மழைய எடுத்துடுங்க,” என்றாள் மனைவி. “அவங்களுக்குத் தாகம்டி.” “உங்களுக்குத் தாங்கல, அதான் பெய்யுது.” எடுத்துவிட்டேன்.)

நான்காம் நாள் பிற்பகல் மூடி சுற்றி முடிந்ததும் நர்ஸம்மா ஸ்டோர்கீப்பரின் பக்கம் சாய்ந்தார்.

“அண்ணே, ஒண்ணு சொல்றேன், கோச்சுக்காதீங்க. படகு எறங்கினப்போ நானும் எண்ணினேன். பதினாறுதான்.”

அவர் பீப்பாயை நேராக நிமிர்த்தி வைத்தார்.

“என்னமோ ஒண்ணு அங்க குரல் குடுக்குது. என்னன்னு நான் கேக்கல. ஆஸ்பத்திரியில இருபது வருஷம் வேல பாத்தவ நான், சில வார்டுல சிலது கேக்கும், நாங்க கண்டுக்க மாட்டோம். ஆனா அதுக்குத் தண்ணி ஊத்த மாட்டோம். இதுவரைக்கும் ஏழு மூடி போயிருக்கு. ஏழு மூடி இருந்தா இந்தம்மா எந்திரிச்சு உக்காந்திருப்பாங்க.”

“ஒரு மூடிதானேம்மா.”

“தெரிஞ்சவங்களா?”

பீப்பாயின் விளிம்பைத் தடவிக்கொண்டே இருந்தார். பிறகு, “வரேன்னு சொன்னான்,” என்றார்.

நர்ஸம்மா அதற்குமேல் கேட்கவில்லை. “உயிரோட இருக்கறவங்களப் பாருங்கண்ணே,” என்று மட்டும் சொன்னார்.

எனக்கு வேணாம், நீங்க குடிங்க.

அந்தப் பிற்பகல், தன் பங்கு மூடியை ஸ்டோர்கீப்பர் இன்னும் தொட்டிருக்கவில்லை. காய்ச்சல்காரப் பெண்மணியின் உதட்டில் வைத்துச் சாய்த்தார். நியாயமான ஆள் நியாயமாகச் செய்யக்கூடிய ஒரே தில்லுமுல்லு அதுதான்.

7

கதை நடுவில் நிறுத்துவதற்கு மன்னிக்கவும். வேறு வழியில்லை.

“இத யார் சொல்றது?” என்று கேட்டாள் மனைவி, தட்டச்சுத் தாளை நீட்டி.

“எத?”

“‘எனக்கு வேணாம், நீங்க குடிங்க.’ நர்ஸம்மாவா?”

பார்த்தேன். நர்ஸம்மா அப்படிச் சொல்ல மாட்டார். அவர் அப்போது வேறு பேச்சில் இருக்கிறார். காய்ச்சல்காரப் பெண்மணிக்கு நினைவில்லை. நான் பிழை திருத்துகிறவன், ஒரு வரி யாருடையது என்று தெரியாமல் இதுவரை எதையும் அச்சுக்கு அனுப்பியதில்லை. அந்த வரியை அடித்தேன்.

அடுத்த சுத்தப் பிரதியில் அது இருந்தது.

“அடிச்சத ஏன் மறுபடி போட்ட?”

“நீங்க எழுதிக் குடுத்ததத்தானே அடிக்கிறேன்?” என் கையெழுத்துப் பிரதியைக் காட்டினாள். என் கையெழுத்துதான். கோழி கிண்டியதுபோல் எழுத உலகத்தில் வேறு யாருக்கும் வராது. அடித்த கோடு இல்லை.*

* களைப்பில் பழைய தாளைப் பார்த்து மறுபடி எழுதியிருப்பேன் என்பது அவள் கட்சி. நானும் அந்தக் கட்சியில் சேர்ந்துவிட்டேன். இரண்டாவது தடவை அடிக்கவில்லை, அவ்வளவுதான்.

“வாசகர் கேப்பாங்களே,” என்றேன்.

“கேட்டாக் கேக்கட்டும். நாம தெரிஞ்சா வச்சிருக்கோம்?”

8

ஐந்தாம் நாள் காலை ஸ்டோர்கீப்பர் பீப்பாயைத் தட்டிப் பார்த்தார். தட்டிய சத்தத்திலேயே அளவு சொல்கிறவர். சாய்த்துப் பார்த்தார். மறுபடி தட்டிப் பார்த்தார். இரண்டும் ஒத்துவந்தன.

பதினாறு மூடி. எவ்வளவு மெல்ல ஊற்றினாலும் பதினேழு வராது.

அவர் முன்னால் இருந்த கேள்வியை நான் அலங்கரிக்க விரும்பவில்லை. மச்சினனின் மூடியை நிறுத்தலாம். நிறுத்தினால், படிக்கட்டில் நின்றவனை இரண்டாவது முறை விட்டுவிட்டு வருவதாக ஆகும். நிறுத்தாவிட்டால், உயிரோடு இருக்கும் ஒருவருக்குத் தண்ணீர் இல்லை.

“எண்ணலாமாண்ணே?” என்றது வெள்ளைக்குள்ளிருந்து ஒரு குரல்.

“எண்ணலாம்,” என்றார். நர்ஸம்மா பக்கம் திரும்பி, “இன்னிக்கு உங்கள்ல இருந்து தொடங்கட்டும்மா,” என்றார்.

எண்ணுகிறவன் தன்னை விட்டுவிட்டு எண்ணி, ஒருவன் குறைகிறானே என்று ஒப்பாரி வைக்கும் வேடிக்கையைக் கேட்டு நாம் எல்லாரும் சிரித்திருக்கிறோம். இருபத்திரண்டு வருடம் எண்ணியவர் அதைத் தெரிந்தே செய்தார்.

நர்ஸம்மா அவர் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு முன்னால் திரும்பி, “ஒண்ணு,” என்றார். “ரெண்டும் இருக்காங்க. கண்ணு முழிச்சுட்டாங்க.”

மூன்று, நான்கு, ஐந்து. குரல்கள் காய்ந்துபோயிருந்தன. ஜவுளிக்காரர் “பதினஞ்சு,” என்றார். இப்போது ஊருக்குக் கேட்கவில்லை. படகுக்கே சரியாகக் கேட்கவில்லை.

படகின் பக்கத்தில் தண்ணீர் நக்கும் சத்தம்.

“பதினாறு.”

எண்ணிக்கை சரி. அவர் ஊற்ற ஆரம்பித்தார். ஒவ்வொரு மூடியாகப் போய், காலியாகத் திரும்பியது. பதினாறாவது மூடிக்குப் பீப்பாயைக் கவிழ்த்துப் பிடித்துச் சொட்டுச் சொட்டாக நிரப்பினார். அது கைமாறிக் கைமாறி வெள்ளைக்குள் மறைந்தது.

திரும்பி வர நெடுநேரம் ஆயிற்று. வந்தபோது ஒவ்வொருவரும் அதை இரண்டு கையாலும் ஏந்திக் கொடுத்தார்கள். ஏனென்றால் அது நிறைந்திருந்தது. ஐந்து நாள் தாகத்தில் இருந்தவர்கள். ஒருவர்கூட உதட்டில் வைக்கவில்லை.

“வேணாங்குதுண்ணே,” என்று முனையிலிருந்து ஜவுளிக்காரரின் குரல் வந்தது. அவர் அழுதுகொண்டிருந்தார். “பீப்பாய்கிட்ட இருக்கறவருக்குக் குடுக்கச் சொல்லுது.”

நர்ஸம்மா மூடியை வாங்கி ஸ்டோர்கீப்பரின் வாயருகே நீட்டினார். “குடிங்க. மரியாதையாக் குடிங்க. இல்லன்னா மூக்கப் பிடிச்சு ஊத்துவேன்.”

குடித்தார்.

(மேலே எழுதிய பக்கத்தை நான் திட்டமிடவில்லை. என் குறிப்பில் ‘மூடி காலியாகத் திரும்புகிறது, அவர் மயங்குகிறார்’ என்றுதான் இருக்கிறது. அந்த ஆளில்லாத வரிக்கு ஒரு ஆள் கிடைத்துவிட்டது என்று மட்டும் மனைவியிடம் சொன்னேன். அவள் தட்டச்சை நிறுத்திவிட்டு எழுந்துபோய் முகம் கழுவிக்கொண்டு வந்தாள்.)

9

அன்று பிற்பகல் ஒரு சரக்குக் கப்பல் சங்கு ஊதிக்கொண்டு கிட்டத்தட்ட அவர்கள் மேலேயே வந்து நின்றது. பனி விலகவில்லை. மேலிருந்து கயிற்றேணி ஒன்று விழுந்தது. அதைப் பிடித்திருந்தவனின் கைகள் மட்டும் தெரிந்தன.

காய்ச்சல்காரப் பெண்மணியைக் கயிற்றில் கட்டித் தூக்கினார்கள். அப்புறம் நர்ஸம்மா. அப்புறம் ஒருவர் பின் ஒருவராக. ஜவுளிக்காரர் ஏணியில் கால் வைக்குமுன், முதல் முறையாக, முனைப்பக்கம் திரும்பிப் பார்த்தார். என்ன பார்த்தார் என்று தெரியவில்லை. கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு ஏறிவிட்டார்.

படகின் பொறுப்பாளர் கடைசியாகத்தான் ஏற வேண்டும். ஸ்டோர்கீப்பர் ஏறினார். அவர் உயிர் பிழைத்தது உங்களுக்குத் தெரியும். விசாரணையில் பதில் சொன்னவர். அதனால் அந்தக் கவலை வேண்டாம். ஏணியின் பாதியில் அவர் நிற்கிறார். நிற்க வைத்தவன் நான்தான்.

கீழே படகு. அதன் பின்பாதி மட்டும் தெரிகிறது, வெறும் பலகைகள். முன்பாதி வெள்ளைக்குள் இருக்கிறது.

அவர் காலுக்குக் கீழே ஏணி இழுபட்டு இறுகுகிறது. கீழே யாராவது முதல் படியில் கால் வைத்தால் அப்படி இறுகும். அலையில் படகு நகர்ந்து, ஏணியின் நுனி எங்காவது மாட்டினாலும் அப்படித்தான் இறுகும்.

மேலே இருப்பவன் அவசரக்காரன். பாறைப் பக்கம் கப்பலை நிறுத்திவைத்திருக்கிறார்கள், அவனை யாரோ திட்டிக்கொண்டிருக்கிறார்கள். அவன் குனிந்து கத்துகிறான்:

“அண்ணே! கடைசி ஆள் நீங்கதானே? ஏணிய இழுத்துடலாமா?”

‘இழுத்துடுங்க’ என்று எழுதிப் பார்த்தேன். ஸ்டோர்கீப்பரின் மனைவி கதவருகே நிற்பது தெரிந்தது, அடித்துவிட்டேன்.

‘இருங்க, இன்னொருத்தன் வரான்’ என்று எழுதிப் பார்த்தேன். மேலேறி வந்தது எது என்று அடுத்த வரியில் நான் சொல்ல வேண்டியிருந்தது. பென்சிலை வைத்துவிட்டேன்.

அவர் வாயைத் திறந்துவிட்டு மூடிக்கொண்டு, என்னைப் பார்க்கிறார். நான் அச்சகத்தில் ஒற்றுப்பிழை பார்க்கிற ஆள், எனக்கு இதெல்லாம் ஆகாது. அதனால் தலையைத் திருப்பி உங்களைக் காட்டிவிட்டேன். இப்போது உங்களைப் பார்க்கிறார்.

ஏணி இன்னும் இறுக்கமாகத்தான் இருக்கிறது. மேலே இருப்பவன் இரண்டாவது முறை கேட்கிறான், இந்தத் தடவை உங்களிடம்:

“இழுத்துடலாமா?”